கொச்சி யூதர்களின் வழிபாட்டுப் பாடல்கள்

கேரளக் கடற்கரையில் பல நூற்றாண்டுகள் வாழ்ந்த யூதச் சமூகத்தார் தொழுகைக்கூடத்திலும் வீட்டிலும் திருமணங்களிலும் பாடிவந்த சமயப் பாடல்கள் கொச்சி யூதர்களின் வழிபாட்டுப் பாடல்கள் எனப்படுகின்றன. இவை இரு வகைப்படும். ஒன்று, எபிரேய மொழியில் அமைந்த வழிபாட்டுக் கவிதைகள். மற்றொன்று, பெண்கள் மலையாளத்தில் பாடி, கையெழுத்து ஏடுகளில் எழுதிக் காத்த பாடல்கள். முதல் வகை உலகெங்கும் யூதர்களிடையே வழங்கும் பழைய மரபு ஒன்றின் கிளை. இரண்டாம் வகை கேரளத்துக்கே உரியது. எபிரேயப் பாடல்கள் 17, 18ஆம் நூற்றாண்டுகளிலேயே அச்சேறின. பெண்களின் பாடல்களோ 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதி வரை முறையான ஆய்வுக்கு உட்படவில்லை. பாடியவர்கள் நாட்டை விட்டுப் பெயர்ந்த பிறகே அவற்றைத் தேடும் பணி முழு அளவில் தொடங்கியது.

எபிரேய வழிபாட்டுக் கவிதையின் தோற்றம்

யூதர்களின் மிகப் பழைய வழிபாட்டுப் பாடல் தொகுப்பு, எபிரேய விவிலியத்தில் உள்ள 150 பாடல்கள் ஆகும். தமிழில் இவற்றைச் சீர்திருத்தத் திருச்சபையினர் 'சங்கீதங்கள்' என்றும், பொது மொழிபெயர்ப்பைப் பயன்படுத்துவோர் 'திருப்பாடல்கள்' என்றும் வழங்குகின்றனர். ஓர் அடியில் சொன்ன கருத்தை அடுத்த அடியில் வேறு சொற்களால் திரும்பச் சொல்வது இவற்றின் முதன்மையான உத்தி. எழுத்து வரிசையில் பாடுவதும் உண்டு. 119ஆம் பாடலில் 176 வசனங்கள் உள்ளன. எபிரேய மொழியின் 22 எழுத்துகளில் ஒவ்வோர் எழுத்துக்கும் எட்டு வசனங்கள் வீதம் அவை அமைந்துள்ளன. ஔவையாரின் ஆத்திசூடியை அகர வரிசையில் படித்த தமிழ் மாணவருக்கு இந்த முறை புதிதன்று. புத்தகம் கையில் இல்லாதபோதும் பாடல் மறக்காமல் இருக்க இது உதவுகிறது.

கி.பி. 70இல் உரோமையர் எருசலேம் ஆலயத்தை அழித்தனர். அதன் பின் ஆலயப் பலி நின்றது. ஊர்தோறும் இருந்த தொழுகைக்கூடங்களில் (சினகாக்) ஓதும் மன்றாட்டே வழிபாட்டின் நடுவிடத்துக்கு வந்தது. ஓதவேண்டிய மன்றாட்டுகளின் வரிசை மெல்ல மெல்ல உறுதிப்பட்டது. ஆனால் வாரந்தோறும் ஒரே சொற்களை ஓதுவதோடு மக்கள் நின்றுவிடவில்லை. ஓய்வுநாளுக்கும் திருநாளுக்கும் ஏற்ற புதிய கவிதைகளைப் புலவர்கள் இயற்றி அந்த வரிசையில் சேர்த்தனர். இக்கவிதை 'பியுத்' எனப்பட்டது. கவிஞரைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து பிறந்த பெயர் இது. இதை இயற்றுபவர் 'பயித்தான்' எனப்பட்டார்.

பெயர் தெரிந்த முதல் பயித்தான்களில் ஒருவரான யோசே பென் யோசே எதுகையின்றிப் பாடினார். ஏறத்தாழ 6ஆம் நூற்றாண்டில் பாலத்தீனத்தில் வாழ்ந்த யன்னாய் எதுகையைத் தொடர்ந்து கையாண்டார். அடுத்து வந்த எலியேசர் கல்லீர் கடினமான புதுச்சொற்களைப் படைத்துப் பாடியவர். அவருடைய பாடல்கள் பல நாடுகளின் வழிபாட்டு நூல்களில் இடம்பெற்றன.

பாட்டுக்குள் இருக்கும் கையொப்பம்

ஒரு பழம்பாடலை இயற்றியவர் யார் என்று எப்படி அறிவது? பெயரெழுதிய அட்டைகள் ஏடுகளில் இருப்பதில்லை. பெரும்பாலும் பாட்டே விடை தருகிறது. யன்னாய் இயற்றிய கவிதைத் தொடர்களில் முதல் பாடலின் அடிகள் எபிரேய எழுத்து வரிசையின் முதற்பாதியைப் பின்பற்றும். இரண்டாம் பாடல் பிற்பாதியைப் பின்பற்றும். மூன்றாம் பாடலின் தொடக்க எழுத்துகளைச் சேர்த்துப் படித்தால் அவருடைய நான்கெழுத்துப் பெயர் கிடைக்கும். பின்வந்த புலவர்களும் இவ்வாறே தம் பெயரைப் பாட்டில் பதித்தனர்.

தமிழில் இதற்கு நெருங்கிய எடுத்துக்காட்டு திருஞானசம்பந்தரின் 'திருக்கடைக்காப்பு'. 7ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த அவர், பதிகத்தின் இறுதிப் பாட்டில் தம் பெயரையும் பதிகத்தை ஓதுவதால் வரும் பயனையும் சொல்வார். யன்னாயின் பெயர் எழுத்துகளில் மறைந்திருக்கும். சம்பந்தரின் பெயர் வெளிப்படையாக நிற்கும். இரண்டும் செய்யும் பணி ஒன்றுதான். பாட்டு வாய்மொழியாக எவ்வளவு தொலைவு சென்றாலும் பெயர் அதனுடனேயே செல்கிறது.

கெய்ரோ அறையும் தில்லை அறையும்

இறைவன் பெயர் எழுதப்பட்ட ஏட்டை அழிக்கக் கூடாது என்பது யூத வழக்கம். பழுதான ஏடுகளை ஓரிடத்தில் போட்டுவைத்துப் பின்னர் புதைப்பார்கள். அந்த இடம் 'கெனிசா' எனப்படும். எகிப்தின் பழைய கெய்ரோவில் உள்ள பென் எஸ்ரா தொழுகைக்கூடத்தில் பெண்கள் அமரும் மேல்தளத்தின் ஓரத்தில் அப்படி ஓர் அறை இருந்தது. பல நூற்றாண்டுகளாக அதில் ஏடுகள் விழுந்துகொண்டே இருந்தன. 1896இல் ஆக்னஸ் லூயிஸ், மார்கரெட் கிப்சன் என்னும் இரட்டைச் சகோதரிகள் தாங்கள் வாங்கிவந்த ஏட்டுத் துணுக்குகளைக் கேம்பிரிட்ஜ் அறிஞர் சாலமன் செக்டரிடம் காட்டினர். அவர் அந்த ஆண்டின் இறுதியில் கெய்ரோவுக்குச் சென்றார். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக நூலகத்துக்கு அவர் கொண்டுவந்த துணுக்குகள் ஏறத்தாழ 1,93,000.

யன்னாயின் பாடல்களில் பெரும்பகுதி அந்தக் குவியலிலிருந்துதான் மீண்டது. தோல் ஏடுகள் விலை மிகுந்தவை. ஆகவே பழைய எழுத்தைச் சுரண்டிவிட்டு மேலே புதிதாக எழுதுவது வழக்கம். அத்தகைய சில ஏடுகளில் அடியில் மங்கித் தெரிந்த விவிலியத்தின் கிரேக்க மொழிபெயர்ப்பே முதலில் அறிஞர்களைக் கவர்ந்தது. அது 1897இல் வெளியானது. மேலே தெளிவாக இருந்த எபிரேய எழுத்தை இசுரேல் டேவிட்சன் பின்னர் ஆராய்ந்து, அவை யன்னாயின் பாடல்கள் எனக் கண்டு 1919இல் வெளியிட்டார். மெனகெம் சூலாய் மேலும் பல துணுக்குகளை இணைத்து 1938இல் பெருந்தொகுப்பு ஒன்றைப் பதிப்பித்தார்.

தமிழ் மரபிலும் இதற்கு ஒப்பான செய்தி உண்டு. தேவார ஏடுகள் சிதம்பரம் கோயிலில் பூட்டிய அறை ஒன்றில் கிடந்தன என்றும், சோழ மன்னனும் நம்பியாண்டார் நம்பியும் அறையைத் திறந்தபோது பெரும்பகுதியைச் செல் அரித்திருந்தது என்றும் உமாபதி சிவாசாரியார் பெயரில் வழங்கும் திருமுறை கண்ட புராணம் கூறுகிறது. கதை அத்தோடு முடியவில்லை. ஏடு கிடைத்தும் பண் தெரியவில்லை. எருக்கத்தம்புலியூரில் திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்ணைக் கொண்டு பண் அடைவு செய்தார்கள் என்கிறது புராணம். அவ்வூர் இன்று கடலூர் மாவட்டத்தில் இராசேந்திரப்பட்டினம் என்னும் பெயரில் உள்ளது. ஏடு சொல்லைத் தரும். இசையைத் தர ஒரு குரல் வேண்டும். வழிபாட்டுப் பாடல்களை ஆராய்வோர் அனைவரும் சந்திக்கும் சிக்கல் இது. கொச்சியிலும் இதுவே நேர்ந்தது.

கேரளத்தில் யூதர்கள்

கேரளத்தில் யூதர்கள் இருந்ததற்கான பழைய சான்றுகள் செப்பேடுகளில் கிடைக்கின்றன. கொல்லத்தில் ஒரு கிறித்தவப் பள்ளிக்கு வழங்கப்பட்ட கி.பி. 849ஆம் ஆண்டுத் தரிசாப்பள்ளிச் செப்பேட்டில், எபிரேய எழுத்தில் பாரசீக மொழியில் சிலர் சான்றொப்பம் இட்டுள்ளனர். ஏறத்தாழ கி.பி. 1000இல் சேர மன்னன் பாஸ்கர ரவி, யோசேப் ரப்பான் என்னும் யூதத் தலைவருக்கு 72 உரிமைகளை வழங்கினான். தமிழும் மலையாளமும் முழுமையாகப் பிரியாத காலத்து மொழியில் வட்டெழுத்தில் பொறித்த அச்செப்பேடு மட்டாஞ்சேரியில் உள்ள பரதேசித் தொழுகைக்கூடத்தில் காக்கப்பட்டு வருகிறது. அதில் வரும் 'அஞ்சுவண்ணம்' என்னும் வணிகக் குழுவின் பெயர் தமிழகக் கல்வெட்டிலும் காணப்படுகிறது.

கெய்ரோ கெனிசாவிலும் இக்கடற்கரை பேசப்படுகிறது. 12ஆம் நூற்றாண்டில் மங்களூரில் தங்கி வணிகம் செய்த ஆபிரகாம் பென் யிசூ என்பவரின் கடிதங்களும் கணக்குகளும் அங்கே கிடைத்தன. அவர் எபிரேயக் கவிதையும் எழுதியவர்.

கொடுங்கல்லூரை யூதர்கள் 'சிங்கிளி' என்றனர். அங்கிருந்து அவர்கள் கொச்சிக்கும் சுற்றியுள்ள ஊர்களுக்கும் பெயர்ந்தனர். மட்டாஞ்சேரியில் மூன்று, எர்ணாகுளத்தில் இரண்டு, பறவூர், சேந்தமங்கலம், மாள ஆகிய ஊர்களில் ஒவ்வொன்று என எட்டுத் தொழுகைக்கூடங்கள் அண்மைக் காலம் வரை இயங்கின. பரதேசித் தொழுகைக்கூடம் 1568இல் கட்டப்பட்டது. 1662இல் போர்த்துகேயர் தாக்கியபோது அது தீக்கு இரையானது, நூல்களும் அழிந்தன. ஆகவே கொச்சி யூதர்களின் பழைய எபிரேய ஏடுகள் குறைவாகவே கிடைக்கின்றன.

சிங்கிளி மரபின் எபிரேயப் பாடல்கள்

கொச்சி யூதர்களின் வழிபாட்டு முறை 'சிங்கிளி மரபு' எனப்படும். எசுப்பானியா, யேமன், பாக்தாத் முதலிய இடங்களிலிருந்து வந்தவர்கள் கொணர்ந்த பாடல்களும் உள்ளூர்ப் புலவர்கள் இயற்றியவையும் இதில் கலந்துள்ளன. உள்ளூர்ப் புலவர்களில் புகழ்பெற்றவர் நெகேமியா மோத்தா. 1615இல் மறைந்த அவருடைய கல்லறை மட்டாஞ்சேரியில் உள்ளது. யூதர்களோடு பிற சமயத்தவரும் அங்கே விளக்கேற்றி வேண்டிக்கொள்வது வழக்கம். 17ஆம் நூற்றாண்டில் ஏடனிலிருந்து வந்த எலியாகு அதானி, யூத மரபு கூறும் 613 கட்டளைகளைப் பாட்டாகப் பாடினார். நீண்ட பட்டியலை நினைவில் நிறுத்தச் செய்யுளைப் பயன்படுத்தும் வகை அது.

1686இல் ஆம்ஸ்டர்டாம் யூதர்களின் தூதுக்குழு ஒன்று மோசே பெரெய்ரா தே பாய்வா தலைமையில் கொச்சிக்கு வந்தது. அதன்பின் ஆம்ஸ்டர்டாமுக்கும் கொச்சிக்கும் நூல் தொடர்பு வலுத்தது. 18ஆம் நூற்றாண்டில் வணிகர் எசேக்கியேல் ரகபியின் காலத்தில் சிங்கிளி மரபுப் பாடல்கள் ஆம்ஸ்டர்டாமில் அச்சிடப்பட்டுக் கொச்சிக்கு வந்தன. கேரளத்தில் எபிரேய அச்சகம் இல்லாத காலத்தில் பாடல்களைக் காத்தது அந்தக் கப்பல் வழிதான்.

இப்பாடல்கள் மிகுதியாக ஒலிக்கும் நாள் தோராத் திருநாள். மோசேயின் ஐந்நூல்களையும் ஓராண்டில் ஓதி முடித்து மீண்டும் தொடங்கும் நாள் அது. தோராச் சுருள்களை ஏந்திக் கூடத்தைச் சுற்றிவரும் வழக்கம் எல்லா யூதரிடமும் உண்டு. கொச்சியில் பிற்பகலில் கட்டடத்துக்கு வெளியேயும் வலம் வந்தனர். ஒவ்வொரு சுற்றுக்கும் பாடல்கள் இருந்தன. கோயில் உற்சவங்களைக் கண்டு வளர்ந்த ஊரில் இந்த வழக்கம் வேரூன்றியதில் வியப்பில்லை.

பெண்களின் மலையாளப் பாடல்கள்

யூதச் சமூகங்கள் பலவற்றில் ஆண்கள் முன்னிலையில் பெண்கள் பாடுவதற்குத் தடை இருந்தது. கொச்சியில் அத்தடை வழக்கில் இல்லை. பெண் குழந்தைகளும் எபிரேயம் படிக்கக் கற்றனர். ஓய்வுநாள் விருந்திலும் திருநாளிலும் ஆண்களோடு சேர்ந்து எபிரேயப் பாடல்களைப் பாடினர். அவற்றோடு மலையாளப் பாடல்களின் பெருந்தொகுதி ஒன்றும் அவர்களிடம் இருந்தது. திருமண வீடுகளில் வட்டமாக நின்று கைதட்டி ஆடியும் பாடினர்.

பொருள் அடிப்படையில் இப்பாடல்களைப் பின்வருமாறு பிரிக்கலாம்.

விவிலியக் கதைப் பாடல்கள்: யோசேப்பு, மோசே போன்றோரின் கதைகளைச் சொல்பவை. விவிலியத்தில் இல்லாத, யூத உரைமரபில் மட்டுமே வழங்கும் நிகழ்ச்சிகளும் இவற்றில் வருகின்றன. பாடிய பெண்களுக்கு உரைமரபும் தெரிந்திருந்தது என்பதற்கு இது சான்று.

திருமணப் பாடல்கள்: மணமக்களை வாழ்த்துபவை, ஒவ்வொரு சடங்குக்கும் உரியவை. கொச்சி யூதத் திருமணத்தில் தாலி கட்டும் வழக்கமும் இருந்தது.

தொழுகைக்கூடப் பாடல்கள்: கூடத்தைக் கட்டிய வரலாற்றைச் சொல்பவை. எழுத்துச் சான்று அழிந்த ஊர்களின் வரலாற்றுக்கு இவை துணையாகின்றன.

வாழ்த்தும் வேண்டுதலும்: இறைவனை நோக்கிப் பாடுபவை. கேரள மன்னரையும் நிலவுடையாரையும் குறித்த 'தம்புரான்' என்னும் சொல் இவற்றில் இறைவனைக் குறிக்கிறது. தமிழர் இதைத் 'தம்பிரான்' என அறிவர்.

20ஆம் நூற்றாண்டுப் பாடல்கள்: எருசலேமுக்குத் திரும்பும் ஏக்கத்தைப் பாடுபவை.

தாய் பாடியதை மகள் கேட்டுக் கற்றாள். கோடிட்ட குறிப்பேடுகளில் மலையாள எழுத்தில் எழுதி வைத்தாள். அதைப் பார்த்து அடுத்தவள் படியெடுத்தாள். எபிரேய விவிலியத்தைச் சொல்லுக்குச் சொல் மலையாளத்தில் பெயர்த்துச் சொல்லும் 'தம்சீர்' என்னும் வாய்மொழிப் பயிற்சியும் இச்சமூகத்தில் இருந்தது. அதில் கையாண்ட பழஞ்சொற்கள் அன்றாடப் பேச்சில் மறைந்த பிறகும் நிலைத்தன.

ஆய்வு வரலாறு

எபிரேய வழிபாட்டுக் கவிதையை முறைப்படி ஆராய்ந்த முன்னோடி, செருமானிய யூத அறிஞர் லியோபோல்ட் சுன்ஸ் ஆவார். தொழுகைக்கூடக் கவிதையின் வரலாற்றை 1865இல் நூலாக வெளியிட்டார். டேவிட்சன் 1924 முதல் 1933 வரை நான்கு தொகுதிகளில் ஏறத்தாழ 35,000 பாடல்களுக்கு அட்டவணை உருவாக்கினார். பின்னர் யோசேப் ஹைன்மன் முக்கியமான கருத்து ஒன்றை முன்வைத்தார். பழைய மன்றாட்டுகள் வாய்மொழியில் பிறந்தவை. ஆகவே பல வடிவங்களுக்கும் மூலமான ஒரே பாடம் இருந்திருக்க வேண்டும் எனக் கருதுவது பொருந்தாது என்றார் அவர்.

இந்த ஆய்வுகள் பெரும்பாலும் எபிரேய ஏடுகளையும் ஆண்கள் ஓதியவற்றையும் சார்ந்தவை. கொச்சிப் பெண்களின் குறிப்பேடுகள் அந்த வரம்புக்குள் வரவில்லை. அவற்றின் மொழி எபிரேயம் அன்று. எபிரேயம் அறிந்தவருக்கு மலையாளம் தெரியாது. மலையாள அறிஞருக்கோ யூத உரைமரபு தெரியாது. இதற்கிடையில் 1950களின் நடுப்பகுதியில் கொச்சி யூதர்களில் பெரும்பாலோர் இசுரேலுக்குக் குடிபெயர்ந்தனர். நெவாத்திம், மெசிலாத் சீயோன் போன்ற வேளாண் குடியிருப்புகளில் அவர்கள் குடியேறினர். பிள்ளைகள் எபிரேயம் பேசி வளர்ந்தனர். மலையாளப் பாட்டைப் பொருள் அறிந்து பாடுவோர் தொகை ஆண்டுதோறும் குறைந்தது.

1970களில் அமெரிக்க மானுடவியலாளர் பார்பரா ஜான்சன், சர்லி ஐசன்பர்க் ஆகியோர் குறிப்பேடுகளைத் திரட்டவும் பாடல்களை ஒலிப்பதிவு செய்யவும் முனைந்தனர். கேரளத்தில் பி.எம். ஜுசே இப்பாடல்களைத் திரட்டி எழுதினார். கொச்சியில் 1912இல் பிறந்து இசுரேலில் குடியேறிய ரூபி டேனியல் தம் நினைவிலிருந்த பாடல்களை ஆங்கிலத்தில் பெயர்த்தார். அவருடைய வாழ்க்கை வரலாறு 1995இல் நூலானது. எருசலேம் எபிரேயப் பல்கலைக்கழகத்தின் யூத இசை ஆய்வு மையம் 2004இல் இப்பாடல்களின் குறுந்தகட்டை வெளியிட்டது. 2005இல் மலையாள அறிஞர் ஸ்கறியா சக்கரியா, ஒஃபிரா கம்லியேல் ஆகியோர் உழைப்பில் பாடல்கள் மலையாள மூலத்தோடும் எபிரேய மொழிபெயர்ப்போடும் எருசலேமில் நூலாக வந்தன. நூலின் பெயர் 'கார்குழலி'. கம்லியேல் 2009இல் இப்பாடல்களைப் பற்றி முனைவர் பட்ட ஆய்வும் செய்தார்.

ஆய்வாளர் கவனிப்பவை

இத்தகைய பாடலை ஆராய்வோர் முதலில் பல ஏடுகளில் உள்ள வடிவங்களை அருகருகே வைத்து ஒப்பிடுகின்றனர். ஒரே பாட்டு ஓர் ஏட்டில் நீண்டும் இன்னொன்றில் சுருங்கியும் இருக்கும். எது பிழை, எது மாற்று வடிவம் என்று பிரித்தறிய வேண்டும். ஹைன்மன் கருத்து இங்கே பயன்படுகிறது. வாய்மொழிப் பாட்டில் இரண்டு வடிவங்களும் சரியாக இருக்கலாம்.

அடுத்தது எழுத்து. காதால் கேட்டு எழுதியவரும் கண்ணால் பார்த்துப் படியெடுத்தவரும் செய்யும் பிழைகள் வேறுவேறு. ஒத்த ஒலியுள்ள எழுத்து மாறியிருந்தால் செவிவழி. ஒத்த வடிவுள்ள எழுத்து மாறியிருந்தால் ஏட்டுவழி. சுவடிப் பதிப்பில் பழகிய தமிழ் மாணவர் இதை எளிதில் அறிவர்.

மூன்றாவது மொழி. ஒரே பாட்டில் பழைய மலையாளச் சொல்லும் எபிரேயச் சொல்லும் பிற்காலச் சொல்லும் கலந்திருக்கும். குறிப்பேடு 20ஆம் நூற்றாண்டுடையது என்பதால் பாட்டும் அக்காலத்தது என முடிவு செய்ய முடியாது. ஒரு பழஞ்சொல் இருப்பதால் முழுப் பாட்டும் பழமையானது எனவும் சொல்ல முடியாது.

நான்காவது பாடும் சூழல். எந்தச் சடங்கில், யார், எந்த மெட்டில் பாடினர் என்பதை ஏடு சொல்லாது. எபிரேயப் பாட்டின் மெட்டில் மலையாளப் பாட்டைப் பாடுவதும் உண்டு. பாடிய ஒருவரிடம் கேட்டால்தான் அது தெரியும்.

இன்றைய நிலை

மட்டாஞ்சேரியில் இன்று எஞ்சியுள்ள யூதர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்களே. பறவூர், சேந்தமங்கலம் தொழுகைக்கூடங்கள் அருங்காட்சியகங்களாகக் காக்கப்படுகின்றன. நெவாத்திமில் கொச்சி யூதர்களுக்குத் தொழுகைக்கூடமும் அருங்காட்சியகமும் உள்ளன. அங்கே சிங்கிளி மரபின் எபிரேயப் பாடல்கள் இன்றும் வழிபாட்டில் ஒலிக்கின்றன. மலையாளப் பாடல்களை மூத்த பெண்கள் குழுவாகச் சேர்ந்து மேடைகளில் பாடியுள்ளனர். அவர்களின் பேத்திகளுக்கு அச்சிட்ட நூலும் ஒலிப்பதிவும் கிடைத்துள்ளன. ஆனால் மலையாளம் புரியாததால் மொழிபெயர்ப்பு தேவைப்படுகிறது.

இத்துறையில் தமிழ் மாணவர்களுக்கு ஒரு வசதி உண்டு. கார்குழலி, தம்புரான், கல்யாணம், கிளி போன்ற சொற்களை அவர்கள் அகராதி இன்றியே அறிவர். கிளியை விளித்துப் பாடும் முறையும் அவர்களுக்குப் பழக்கமானது. மலையாள எழுத்தையும் யூத விவிலியக் கதைகளையும் கற்றுக்கொண்டால், இப்பாடல்களின் பழைய மொழிநிலையைத் தமிழோடு ஒப்பிட்டு ஆராயும் பணியை அவர்களும் மேற்கொள்ளலாம்.